தூரிகைக்கும் இடம் வேண்டும்

மின் அதிர்ச்சி இயந்திரத்தின் பொத்தானை அழுத்த மாட்டேன் என்று 1944-ல் ரியோ டி ஜெனிரோவின் அரசு மனநல மருத்துவமனையில் மறுத்தவர் மருத்துவர் நீசி டா சில்வெய்ரா. மார்க்சியப் புத்தகங்கள் வைத்திருந்ததற்காகச் சிறை கண்டவர். மேலதிகாரிகளின் முகச்சுளிப்புக்கா அஞ்சுவார்? யாரும் மதிக்காத தொழில்வழிச் சிகிச்சைப் பிரிவுதான் அவருக்குக் கிடைத்தது. 1946-ல் அங்கே ஓவியக்கூடம் திறந்தார். பேச்சற்று ஒடுங்கிக் கிடந்தவர்களின் கையில் தூரிகையும் களிமண்ணும் வந்தன. இதை வரை, அதை வரை என்று எவரும் கட்டளையிடவில்லை. சிதறிய மனங்களிலிருந்து வட்டச் சித்திரங்கள் திரும்பத் திரும்பப் பிறந்தன. அவற்றின் படங்களை அனுப்பி உளவியல் அறிஞர் யுங்கிடமே விளக்கம் கேட்டார். 1952-ல் அந்தப் படைப்புகளுக்கென்றே அருங்காட்சியகம் உருவானது. இன்று அங்கே 3 லட்சத்துக்கும் மேற்பட்ட படைப்புகள் உள்ளன.

ஓவியம் மருந்துக்கு மாற்று அல்ல. அப்படிச் சொல்வது ஆபத்து. மாத்திரை கொடுத்துக் கட்டிலில் கிடத்திவிட்டால் கடமை முடிந்தது என்பதும் வைத்தியம் அல்ல. ஏர்வாடி மனநலக் காப்பகத்தில் 2001-ல் சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்தவர்கள் தீயில் கருகி, 28 உயிர்கள் போன நாடு நம்முடையது. 2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் சங்கிலிக்குத் தடை விதித்ததோடு, பொழுதுபோக்கு, கல்விக்கான வசதிகளையும் நோயாளியின் உரிமையாக்கியது. அரசு மனநல மருத்துவமனை ஒவ்வொன்றிலும் ஓர் ஓவிய அறைக்கும், பயிற்சி பெற்ற ஓர் ஆசிரியருக்கும் வரும் நிதிநிலை அறிக்கையிலேயே பணம் ஒதுக்க வேண்டும்.