யனோவிச்சுக்கு இரண்டு வரி

ஹங்கேரிய சினிமாவின் தொடக்கம் பற்றி எழுதுகிறவர்கள் யெனோ யனோவிச்சுக்கு இரண்டு வரி ஒதுக்குகிறார்கள். கெர்தேஸுக்கு வாய்ப்பளித்தவர் என்று ஒன்று. கோர்டாவுக்கு அளித்தவர் என்று மற்றொன்று. முன்னவர் ஹாலிவுட்டில் மைக்கேல் கர்டிஸாகி 1942இல் 'காசாபிளாங்கா' எடுத்தார். பின்னவர் அதே ஆண்டு லண்டனில் ஸர் பட்டம் பெற்றார். ஆகவே யனோவிச் முக்கியஸ்தர்! ஊரை விட்டுப் போனவர்களின் வெற்றியை வைத்து ஊரோடு இருந்தவருக்கு மார்க் போடும் இந்த விமர்சனத்தை என்னால் ஏற்க முடியவில்லை.

யனோவிச் நாடகக்காரர். 1905 முதல் கோலோஷ்வார் ஹங்கேரிய அரங்கின் இயக்குநர். கோடையில் நடிகர்களுக்கு வேலை குறைவு; அந்த மாதங்களில் காமிராவைக் கொண்டுவந்தார். 1913இல் பாதே கம்பெனியோடு சேர்ந்து 'மஞ்சள் குதிரைக்குட்டி'. பிறகு 1920க்குள் அறுபதுக்குக் குறையாத படங்கள், அதுவும் தலைநகரில் அல்ல, திரான்சில்வேனியாவில். அவருடைய கோர்வின் கம்பெனியை 1917இல் கோர்டா வாங்கி புடாபெஸ்டுக்குக் கொண்டுபோனார்.

'படம்பிடித்த நாடகங்கள்தானே' என்கிறார்கள் சுத்த சினிமாவாதிகள். எதைப் பார்த்துச் சொல்கிறார்கள்? அநேகமாக எல்லாமே அழிந்துபோயின. மிஞ்சியவற்றில் 'துரத்தப்பட்டவள்' 2008இல் நியூயார்க்கில் ஒரு ஹங்கேரிய மன்றத்தில் கிடைத்தது. இயக்கியது கெர்தேஸ்தான். திரைக்கதை, நடிகர்கள், பணம் யனோவிச்சுடையவை. சிறையிலிருந்து மீளும் தாயாக மரி யாசாய் என்ற மேடைப் பேரரசி. அப்போதே அறுபதைத் தாண்டியவர். மேடைக்கான அவருடைய கையசைப்பு பெரிதுதான், மறுக்கவில்லை. ஆனால் வெட்டவெளிக்கு வந்ததும் மனித உருவங்களே சிறுத்துவிடுகின்றன. நாடகம் சினிமாவாகிற கணம் அது. நாடகத்தை அறிந்தவர்களின் கூட்டத்தில்தான் அது நிகழ முடியும் என்பது என் கட்சி.

முதல் உலகப் போருக்குப்பின் ஊர் ருமேனியாவுக்குப் போயிற்று. 1919இல் பெரிய அரங்கு பறிபோக, கோடைக்கால அரங்கில் குழுவை வைத்து ஓட்டினார். கெர்தேஸும் கோர்டாவும் அதே ஆண்டு ஹங்கேரியை விட்டுப் போனார்கள். யனோவிச்சின் படத்தொழில் 1920இல், பால்வினை நோய் பற்றிய ஒரு எச்சரிக்கைப் படத்தோடு ஓய்ந்தது. 1940இல் ஊர் மீண்டும் ஹங்கேரியின் கைக்கு வந்தது. எந்த மொழிக்காக அரங்கைக் காத்தாரோ அந்த மொழியின் அரசே, யூதப் பிறப்பைக் காட்டி, அவரை அரங்கத்துக்கு வெளியே நிறுத்தியது. 1945 நவம்பரில் அதே ஊரில் இறந்தார்.

இரண்டு வரிக்காரர்கள் 'துரத்தப்பட்டவ'ளைப் பார்க்கட்டும், கர்டிஸ் என்ற பெயரை ஒரு காகிதத்தால் மறைத்துக்கொண்டு.