விளையாட்டின் வீடு எங்கே?

சி டிரைவ் நிறைந்து சிவப்புக் கோடு காட்டியதும் பெரும்பாலான மாணவர்கள் செய்வது ஒரே ஒரு வேலைதான். இருப்பதிலேயே பெரிய விளையாட்டைத் தேடிப் பிடித்து அன்இன்ஸ்டால் செய்துவிடுவார்கள். பிறகு ஆசை வந்தால் திரும்பவும் டவுன்லோடு செய்து கொள்ளலாம் என்ற தைரியம். சென்னையிலோ கோவையிலோ வீட்டுக்கு ஃபைபர் இணைப்பு இருப்பவருக்கு அந்தத் தைரியம் சரிதான். பழனி மலையில் இருப்பவருக்கு அது கட்டுப்படியாகாது.

ஒரு சின்னக் கணக்கு. இன்றைய பெரிய விளையாட்டுகள் பலவும் 100 ஜிபியைத் தொடுகின்றன. வினாடிக்கு 10 மெகாபிட் வேகம் உள்ள இணைப்பில், நடுவில் ஒரு தடங்கலும் இல்லாமல் இறங்கினாலும் 22 மணி நேரத்துக்கு மேல் ஆகும். தினமும் 2 ஜிபி தரும் மொபைல் பேக்கில் என்றால் 50 நாள். அதுவும் அந்த 50 நாளும் பாடத்துக்கோ, பாட்டுக்கோ, வேறு எதற்குமோ இணையத்தைத் தொடாமல் இருந்தால்! கொடைக்கானல் ஊருக்குள்ளாவது பரவாயில்லை. பூம்பாறை, மன்னவனூர், கூக்கால், கவுஞ்சி என்று மேல்மலைப் பக்கம் போகப் போக, கணக்கில் சொன்ன அந்த 'தடங்கல் இல்லாமல்' என்ற வார்த்தைக்கே அர்த்தம் குறைந்துவிடுகிறது.

இப்போது அதே 100 ஜிபியை வேறு வழியில் கொண்டு போவதாக வைத்துக்கொள்வோம். வினாடிக்கு 100 எம்பி வேகத்தில் எழுதும் எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க்கில் காப்பி செய்ய சுமார் 17 நிமிடம் போதும். அந்த டிஸ்க்கைப் பையில் போட்டுக்கொண்டு மதுரையில் பஸ் ஏறினால், வத்தலக்குண்டு வழியாக ஏறக்குறைய 120 கிலோமீட்டர், நாலு மணி நேரத்தில் கொடைக்கானல். நாலு மணி நேரத்தில் 100 ஜிபி என்றால் வினாடிக்கு 55 மெகாபிட். மலைப்பாதையில் முக்கி முனகி ஏறுகிற பஸ், நம் இணைப்பைவிட ஐந்து மடங்கு வேகமாக விளையாட்டைக் கொண்டு வந்து சேர்க்கிறது!

ஆக, மலையில் இருக்கும் மாணவருக்கு டவுன்லோடு செய்யத் தெரிவதைவிட ஃபோல்டரை நகர்த்தத் தெரிவதுதான் முக்கியம். அதற்கு முதலில் அந்த ஃபோல்டர் எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டும். இதில்தான் சிக்கல். விளையாட்டை விற்கும் கம்பெனிகள் 'இன்ஸ்டால்', 'பிளே' என்று இரண்டு பட்டனைப் பெரிதாகக் காட்டுகின்றன. விளையாட்டு எங்கே குடியிருக்கிறது என்பதை ஏழெட்டு மெனுவுக்குப் பின்னால் ஒளித்து வைக்கின்றன. காசு கொடுத்து வாங்கியவருக்கே தன் பொருள் எந்த அறையில் இருக்கிறது என்று தெரியாமல் இருப்பது நியாயமா?

முன்பு இப்படி இல்லை. டாஸ் காலத்தில் பெரும்பாலும் ஒரு விளையாட்டு என்றால் ஒரு ஃபோல்டர். அதை ஃபிளாப்பியில் எடுத்துப் போய் இன்னொரு கம்ப்யூட்டரில் போட்டால் ஓடும். விண்டோஸ் வந்த பிறகு ஒரு விளையாட்டின் உடைமைகள் மூன்று இடங்களில் பிரிந்து போயின. முதலாவது, விளையாட்டின் கோப்புகள் இருக்கும் ஃபோல்டர். இரண்டாவது, எங்கே இன்ஸ்டால் ஆகியிருக்கிறது என்ற பதிவு. மூன்றாவது, ஆடுபவர் சேமித்து வைத்த சேவ் கோப்புகள். மூன்றும் ஒரே இடத்தில் இருக்கும் என்று நினைத்து ஃபோல்டரை மட்டும் தூக்கி வைப்பவர்தான் மாட்டிக்கொள்கிறார்.

பதிவு ஏன் முக்கியம்? இதற்கு கொடைக்கானலிலேயே நல்ல உதாரணம் இருக்கிறது. சென்னையில் இருந்த வானியல் ஆய்வுக்கூடத்தின் பணிகள் 1899-ல் கொடைக்கானலுக்கு மாற்றப்பட்டன. அப்போது மலைக்கு மோட்டார் சாலை கிடையாது. கருவிகளைப் பத்திரமாக மேலே கொண்டு வந்ததோடு வேலை முடிந்துவிடுமா? முடியாது. வானத்தைப் பார்க்கும் இடம் மாறினால் அட்சரேகை மாறும், தீர்க்கரேகை மாறும், கடல் மட்டத்திலிருந்து உயரம் மாறும். பழைய ஊரின் எண்களை வைத்துக்கொண்டு புதிய ஊரில் கணக்குப் போட்டால் எல்லாமே தப்பாகத்தான் வரும். ஆய்வுக்கூடத்துக்குச் சொன்னதுதான் விளையாட்டுக்கும். பொருளை மட்டும் நகர்த்தி, முகவரியை மாற்றாமல் விட்டால் பழைய விலாசத்திலேயே கம்ப்யூட்டர் தேடிக்கொண்டிருக்கும். ஷார்ட்கட் வேலை செய்யாது, புதிய பேட்ச் ஏறாது, அன்இன்ஸ்டால் செய்யவும் வராது.

சேவ் கோப்பு விஷயம் இன்னும் மோசம். 1999-ல் வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2, சேவ் கோப்புகளைத் தன் இன்ஸ்டால் ஃபோல்டருக்குள்ளேயே வைத்தது. ஃபோல்டரை அழித்தால் கட்டிய கோட்டையும் போச்சு. 2003-ல் கம்ப்யூட்டருக்கு வந்த ஜிடிஏ வைஸ் சிட்டியோ சேவ் கோப்புகளை மை டாக்குமெண்ட்ஸில் தனியாக வைத்தது. விளையாட்டு ஃபோல்டரை மட்டும் நண்பரின் கம்ப்யூட்டருக்குக் கொண்டு போனால் முதல் மிஷனிலிருந்துதான் ஆட வேண்டும். 2007-ல் விண்டோஸ் விஸ்டா வந்தபோது இன்னொரு குழப்பமும் சேர்ந்தது. புரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டருக்குள் சாதாரண மென்பொருள்கள் எழுதக் கூடாது என்று விண்டோஸ் தடுத்தது. அங்கே எழுதப் பார்த்த பழைய விளையாட்டுகளின் கோப்புகளை, ஆப்டேட்டா என்ற மறைவான ஃபோல்டருக்குள் விர்ச்சுவல்ஸ்டோர் என்ற இடத்துக்குச் சத்தமில்லாமல் திருப்பி விட்டது. மாதக்கணக்கில் ஆடிச் சேர்த்தது எங்கே இருக்கிறது என்று ஆடியவருக்கே தெரியாத நிலை.

சரி, கண்டுபிடிப்பது எப்படி? பழைய விளையாட்டு என்றால் டெஸ்க்டாப் ஷார்ட்கட்டில் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தால் நேராக வீட்டு வாசலில் கொண்டு விடும். அது உதவாவிட்டால், விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போதே டாஸ்க் மேனேஜரைத் திறந்து, அதன் பெயரில் ரைட் கிளிக் செய்து அதே கட்டளையைக் கொடுக்கலாம். ஸ்டீமில் வாங்கியது என்றால் லைப்ரரியில் விளையாட்டின் பெயர் மேல் ரைட் கிளிக் செய்து, 'மேனேஜ்' என்பதில் 'பிரௌஸ் லோக்கல் ஃபைல்ஸ்' கொடுக்க வேண்டும். ஸ்டீம்ஆப்ஸ் என்ற ஃபோல்டருக்குள் காமன் என்ற ஃபோல்டர், அதற்குள்தான் விளையாட்டுகள் வரிசையாகக் குடியிருக்கின்றன.

நகர்த்துவதும் இப்போது ஸ்டீமில் சுலபம்தான். வேறு டிரைவில் ஒரு லைப்ரரி ஃபோல்டர் உண்டாக்கிவிட்டு, விளையாட்டின் பிராப்பர்ட்டீஸில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' பகுதிக்குப் போய் 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்' கொடுத்தால் போதும். கோப்பும் மாறும், பதிவும் மாறும். ஆனால் 2003-ல் தொடங்கிய ஸ்டீம், இந்த வசதியைக் கொடுத்தது 2017 வாக்கில்தான். அதுவரை விவரம் தெரிந்தவர்கள் கையால் நகர்த்தினார்கள், அல்லது விண்டோஸின் எம்கேலிங்க் கட்டளையால் பழைய இடத்தில் 'புது வீடு அங்கே' என்று ஒரு கைகாட்டிப் பலகை நட்டுவைத்தார்கள். விவரம் தெரியாதவர்கள் அழித்துவிட்டு மறுபடி டவுன்லோடு செய்தார்கள்.

வேறு கம்ப்யூட்டருக்குக் கொண்டு போவதும் முடியும். காமன் ஃபோல்டருக்குள் இருக்கும் விளையாட்டின் ஃபோல்டரை அப்படியே டிஸ்க்கில் எடுத்துப் போய், புதிய கம்ப்யூட்டரில் அதே மாதிரி இடத்தில் வைத்துவிட்டு, பிறகு ஸ்டீமில் 'இன்ஸ்டால்' கொடுக்க வேண்டும். ஏற்கனவே இருக்கும் கோப்புகளை ஸ்டீம் சோதித்துப் பார்த்து, குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும். மேல்மலையில் இருவர் ஒரே விளையாட்டை வாங்கியிருந்தால் ஒருவர் டவுன்லோடு செய்தால் போதும். மற்றவர் டிஸ்க்கில் வாங்கிக்கொள்ளலாம். வாங்காதவர் காப்பி செய்தால் அவருடைய கணக்கில் அது ஓடாது. ஆகையால் இதில் திருட்டு எதுவும் இல்லை. யாரோ கொடுத்த பென்டிரைவில் வரும் பெயர் தெரியாத 'கிராக்' ஃபோல்டர்களோடு இதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. அவற்றோடு வைரஸும் சேர்ந்தே குடிவரும்.

நகர்த்தும்போது இரண்டு விஷயத்தில் கவனம் வேண்டும். ஒன்று, பென்டிரைவின் ஃபார்மேட். ஃபேட்32 ஃபார்மேட்டில் 4 ஜிபிக்கு மேல் உள்ள ஒரு தனிக் கோப்பு ஏறாது. டிரைவில் 60 ஜிபி காலியாக இருந்தாலும் 'கோப்பு மிகப் பெரியது' என்றுதான் சொல்லும். எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் ஃபார்மேட்டாக இருக்க வேண்டும். ஃபார்மேட் மாற்றினால் உள்ளே இருப்பது அழியும் என்பதால் முதலில் அதை வேறிடத்தில் எடுத்து வைக்க வேண்டும்.

இரண்டு, கட் பேஸ்ட் செய்யவே கூடாது. ஒரு டிரைவிலிருந்து இன்னொரு டிரைவுக்கு ஆயிரக்கணக்கான கோப்புகள் போய்க்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால், பாதி இங்கே பாதி அங்கே என்று நிற்கும். மலையில் கரண்ட் எப்போது போகும் என்று யார் சொல்வது? 2018 நவம்பரில் கஜா புயல் இந்தப் பக்கம் கடந்து போனபோது மரங்கள் விழுந்து சாலையும் மின்சாரமும் சேர்ந்தே துண்டிக்கப்பட்டன. புயல் வேண்டாம், ஒரு சாதாரண ஐப்பசி மழையே போதும். முதலில் காப்பி, அடுத்து புதிய இடத்தில் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பது, கடைசியாகத்தான் பழையதை அழிப்பது. இந்த வரிசை மாறக் கூடாது.

கம்பெனிகள் தரப்பிலும் ஒரு நியாயம் சொல்கிறார்கள். எல்லோருக்கும் ஃபோல்டரைக் காட்டினால் விவரம் புரியாதவர்கள் ஏதாவது கோப்பை அழித்துவிட்டு 'விளையாட்டு ஓடவில்லை' என்று வந்து நிற்பார்கள் என்கிறார்கள். வைரஸ்களும் அங்கே கைவைக்கும் என்கிறார்கள். இதில் உண்மை இல்லாமல் இல்லை. விஸ்டா புரோகிராம் ஃபைல்ஸைப் பூட்டியதற்கும் அதுதான் காரணம். ஆனால் வீட்டைப் பூட்டுவது வேறு, வீட்டுக்காரரிடமே சாவியைத் தராமல் இருப்பது வேறு. மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் வாங்கிய விளையாட்டுகள் பல வருடம் விண்டோஸ்ஆப்ஸ் என்ற ஃபோல்டரில் இருந்தன. கம்ப்யூட்டரின் சொந்தக்காரரே அதைத் திறக்கப் போனால் அனுமதி இல்லை என்று சொல்லும். பிறகுதான் தனி ஃபோல்டரில் வைக்கும் வழி வந்தது. இதற்கு நேர் எதிர்ப்பக்கம், 2008-ல் தொடங்கிய ஜிஓஜி தளம். அங்கே வாங்கும் விளையாட்டின் இன்ஸ்டாலர் கோப்பையே எடுத்து டிஸ்க்கில் வைத்துக்கொள்ளலாம், இணையம் இல்லாமலே எத்தனை தடவை வேண்டுமானாலும் இன்ஸ்டால் செய்யலாம். ஆக, செய்ய முடியாத காரியம் எதுவும் இல்லை. மனம்தான் வேண்டும்.

ஒவ்வொரு விளையாட்டின் பக்கத்திலும் மூன்று விவரம் கண்ணில் படும்படி இருந்தால் போதும். ஃபோல்டர் எங்கே இருக்கிறது, அதை நகர்த்த எந்த பட்டன், சேவ் கோப்புகள் எங்கே போகின்றன. மூன்றே வரி. நகரத்தில் வேகமான இணைப்போடு உட்கார்ந்து மென்பொருள் எழுதுபவர்களுக்கு மறு டவுன்லோடு என்பது ஒரு டீ குடிக்கிற நேரம். மலைக்கிராமத்து மாணவருக்கு அது ஒன்றரை மாத டேட்டா.

விளையாட்டுக்கு இவ்வளவு பேச்சா என்று பெரியவர்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் கொடைக்கானல் ஆய்வுக்கூடம் 1904 முதல் எடுத்துவந்த சூரியப் படங்கள் கண்ணாடித் தகடுகளிலும் ஃபிலிமிலும் பத்திரமாக இருந்ததால்தான் பிற்காலத்தில் அவற்றை டிஜிட்டலாக மாற்றி உலகம் முழுக்க ஆராய்ச்சியாளர்களுக்குக் கொடுக்க முடிந்தது. எந்தத் தகடு எந்தத் தேதியுடையது என்ற குறிப்பு இல்லாமல் போயிருந்தால் அவற்றால் என்ன பயன்? எது எங்கே இருக்கிறது என்று தெரிந்து வைத்திருப்பதும், இடம் மாற்றும்போது எதுவும் தொலையாமல் மாற்றுவதும் ஒரு பழக்கம். ப்ராஜெக்ட் ரிப்போர்ட், குடும்பப் படங்கள், மதிப்பெண் சான்றிதழின் ஸ்கேன் என்று பின்னால் எல்லாவற்றுக்கும் அதே பழக்கம்தான் வேண்டும். பள்ளி மாணவருக்கு அதை ஆசையோடு கற்றுக்கொள்ள வைக்க, அவருக்குப் பிடித்த விளையாட்டின் ஃபோல்டரைவிட நல்ல பாடம் வேறு எது?

கம்ப்யூட்டர் வகுப்பில் ஒரு பீரியட் இதற்கு ஒதுக்கலாம். அதுவரை, அடுத்த முறை சிவப்புக் கோடு தெரிந்தால் அன்இன்ஸ்டால் பட்டனுக்குப் போகும் முன் அந்த ஃபோல்டர் எங்கே இருக்கிறது என்று ஒருமுறை தேடிப் பார்ப்பது நல்லது. சேவ் கோப்பை முதலில் தேடுவது அதைவிட நல்லது.