பாட்டுக்கு வாயசைத்த முதல் படங்கள்

“பாட்டு வந்தால் படம் நின்றுவிடுகிறது, இசைத்தட்டுக்கு வாயசைப்பதும் ஒரு கலையா?” என்று விடுதி நண்பர்கள் எள்ளி நகையாடும்போதெல்லாம் எனக்குப் பாரிஸ் நகரத்து அம்மையார் ஒருவர் நினைவுக்கு வருகிறார். அவர் பெயர் அலீஸ் கீ. லியோன் கோமோன் என்பவரிடம் செயலாளராகச் சேர்ந்து, 1896ஆம் ஆண்டிலேயே படம் எடுக்கத் தொடங்கியவர்.

பேசும் படம் 1927இல் ‘ஜாஸ் சிங்கர்’ படத்தோடு பிறந்தது என்றே நம்மிற் பலர் எண்ணுகிறோம். ஆனால் கிராமபோனையும் படக்கருவியையும் இணைத்த ‘குரோனோபோன்’ என்னும் கருவியைக் கோமோன் 1902இலேயே காட்டிவிட்டார். கருவி வந்துவிட்டது; அதில் காட்டப் படம் வேண்டுமே! மக்கள் வாயில் ஏற்கெனவே புழங்கிய பாட்டுகளையே அம்மையார் சிறு படங்களாக்கினார். நூற்றுக்கு மேற்பட்டவை! 1905 அளவில் மயோல், த்ரானெம் போன்ற புகழ்பெற்ற மேடைப் பாடகர்கள் அவருடைய காமிராவின் முன் வந்து நின்றனர்.

எடுத்த முறைதான் வியப்புக்குரியது. அந்நாளில் ஒலியைப் பதிய வேண்டுமானால் குழலின் வாயருகே நின்று பாட வேண்டும். அப்படி நின்றால் கைகாலை வீசி நடிப்பதெங்கே? குழலும் படத்தில் விழும். ஆகவே பாட்டை முதலில் தட்டில் பதிந்துகொண்டு, பிறகு அத்தட்டைச் சுழலவிட்டுப் பாடகரை வாயசைக்கச் செய்தார்கள். 1938இல் ‘நந்தகுமார்’ படத்தின் வழியே தமிழுக்கு வந்த பின்னணிப் பாடலுக்கும் அடிப்படை இதுவே. அங்கே அவரவர் தம் குரலுக்கு வாயசைத்தனர். இங்கே பிறர் குரலுக்கு. அது பெரிய வேறுபாடுதான், மறுக்கவில்லை.

இன்னொன்றையும் ஒப்புக்கொள்கிறேன். அப்படங்களில் காமிரா நகராது. ஒரு பாடகர், ஒரே காட்சி, தட்டு முடிந்தால் படமும் முடிந்தது. நண்பர்கள் சொல்வதுபோலப் படம் நிற்கத்தான் செய்கிறது. ஆயினும் கொட்டகையில் கிராமபோன் திரையருகே, படக்கருவி பின்கோடியில். இரண்டும் பிசகாமல் ஓட, இயக்குபவர் விழித்திருந்து வேகத்தைத் திருத்த வேண்டும். மின் ஒலிபெருக்கி இல்லாத காலம். அழுத்திய காற்றைக்கொண்டு ஒலியைப் பெருக்கினார்கள். இத்தனை பாடும் ஒரு பாட்டுக்காக! இதைக் கேலி செய்ய எனக்கு மனம் வரவில்லை.

அம்மையார் 1907இல் அமெரிக்கா சென்றார். அவர் எடுத்த படங்கள் சில பிறர் பெயரில் எழுதப்பட்டன. 1968இல் அவர் மறைந்தார். தன்வரலாறு நூலாக வந்தது 1976இல்.

பாட்டுப் படப்பிடிப்பொன்றை அம்மையார் நடத்துவதைக் காட்டும் 1905ஆம் ஆண்டுத் துண்டுப் படம் இன்றும் இருக்கிறது. நம் கல்லூரியில் ஒரு மாலை அதைத் திரையிட ஆசிரியப் பெருமக்கள் இசைந்தால், விடுதி நண்பர்களை அழைத்து வருவது என் பொறுப்பு.