மெக்னீசியத்தின் வெள்ளைத் தோல்

அமெரிக்கப் படைவீரரின் சாப்பாட்டுப் பொட்டலத்துக்குள் ஒரு பிளாஸ்டிக் பை இருக்கும். உணவு உறையை அதற்குள் நுழைத்து, கோடு போட்ட இடம் வரை தண்ணீர் ஊற்றி, வாயை மடித்துச் சாய்த்து வைக்க வேண்டும். எதன் மேல் சாய்ப்பது என்றும் பையிலேயே படம் போட்டிருக்கிறார்கள்: கல் அல்லது வேறு ஏதாவது. சற்று நேரத்தில் பை உப்பும், ஆவி கக்கும், தொட்டால் சுடும். கிட்டத்தட்ட 12 நிமிடத்தில் 225 கிராம் உணவின் வெப்பநிலை சுமார் 55 டிகிரி செல்சியஸ் கூடிவிடும். அடுப்பும் வேண்டாம், தீப்பெட்டியும் வேண்டாம்.

உள்ளே இருப்பது மெக்னீசியத் தூள். கூடவே கொஞ்சம் இரும்பு, கொஞ்சம் உப்பு.

பள்ளிக்கூடத்தில் மெக்னீசியத்தைத் தண்ணீரில் போட்டுப் பார்த்தவர்களுக்கு இது நம்பக் கடினமான சேதி. உப்புத்தாளால் பளபளவென்று தேய்த்த நாடாவைச் சோதனைக்குழாயின் குளிர்ந்த நீரில் விட்டால் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும். உற்றுப் பார்த்தால் நாடாவின் ஓரங்களில் ரவையைவிடச் சிறிய குமிழ்கள் ஒட்டிக்கொண்டு நிற்பது தெரியும். இரண்டு சொட்டு பினாப்தலீன் விட்டால் நாடாவைச் சுற்றி மட்டும் மெல்ல இளஞ்சிவப்பு படரும். வினை நடக்கிறது என்பதற்கு அந்த நிறம்தான் சாட்சி. அது பரவி முடிவதற்குள் பெரும்பாலும் பாடவேளை மணி அடித்துவிடும்.

மாணவர் கையில் மிஞ்சுவது ஒரு மனப்பாட வரிசை: பொட்டாசியம், சோடியம், கால்சியம், மெக்னீசியம், அலுமினியம், துத்தநாகம், இரும்பு. எலக்ட்ரானை விட்டுக்கொடுக்க எந்த உலோகம் எவ்வளவு தயாராக இருக்கிறது என்பதை அந்த வரிசை சொல்கிறது. தண்ணீரில் போட்டால் கண்ணுக்கு என்ன தெரியும் என்பதை அது முழுதாகச் சொல்வதில்லை. அந்தத் தயார்நிலையை அளக்கும் மின்முனை மின்னழுத்தம் சோடியத்துக்கு −2.71 வோல்ட், மெக்னீசியத்துக்கு −2.37. இரண்டுக்கும் இடைவெளி அதிகமில்லை. ஆனாலும் ஒன்று தண்ணீரைத் தொட்டதும் உருகி உருண்டு சீறி ஓடுகிறது. மற்றது குழாயின் அடியில் சும்மா கிடக்கிறது.

காரணம், வினையில் பிறக்கும் பொருள். சோடியம் தண்ணீரோடு சேர்ந்தால் சோடியம் ஹைட்ராக்சைடு வருகிறது. ஒரு லிட்டர் நீரில் அது ஒரு கிலோவுக்கு மேல் கரையும். பிறந்த கணமே கரைந்து போய்விடுவதால், உலோகத்தின் புதிய பரப்பு நீருக்கு எப்போதும் திறந்தே இருக்கிறது. கால்சியம் தருவது வெற்றிலைக்குத் தடவுகிறோமே, அதே சுண்ணாம்பு. லிட்டருக்கு ஒன்றரை கிராமுக்குச் சற்றுக் கூடுதலாகக் கரையும். மீதி நீரைப் பாலாகக் கலக்கிவிடும். அதனால் கால்சியத்தின் வினை நிதானமாக, ஆனால் விடாமல் நடக்கும். மெக்னீசியம் ஹைட்ராக்சைடு லிட்டருக்குச் சுமார் பத்து மில்லிகிராம்தான் கரையும். மற்றதெல்லாம் உலோகத்தின் மேலேயே வெள்ளைத் தோலாகப் படிந்து, தண்ணீரை உள்ளே விடாமல் தடுத்துவிடுகிறது. வயிற்று எரிச்சலுக்கும் மலச்சிக்கலுக்கும் மருந்துக்கடையில் விற்கும் ‘மில்க் ஆஃப் மெக்னீசியா’வின் வெண்மை இதே பொருளுடையதுதான்.

வரிசையில் அடுத்து நிற்கும் அலுமினியம் இப்படியொரு தோலால்தான் நம் சமையலறைக்குள் வந்தது. சோறு வடிக்கும் அலுமினியக் குண்டானின் மேல் கண்ணுக்குத் தெரியாத ஆக்சைடு படலம் இருக்கிறது. தடிமன் சில நானோமீட்டர். அது இல்லாவிட்டால் கொதிக்கும் உலை நீர் குண்டானைத் தின்றுவிடும். பாதரசம் பட்டால் அந்தப் படலம் சிதைந்துபோகும். விமானத்தில் பாதரசத்தை எடுத்துச் செல்ல அவ்வளவு கட்டுப்பாடு இருப்பது விமானத்தின் உடல் அலுமினியம் என்பதால்.

ஆக, படைவீரரின் பைக்குள் இரும்பும் உப்பும் செய்யும் வேலை தோலை உரிப்பது. உப்பிலுள்ள குளோரைடு வெள்ளைப் படலத்தை ஆங்காங்கே உடைக்கிறது. மெக்னீசியத்தோடு ஒட்டிக் கிடக்கும் இரும்புத் துகள் எலக்ட்ரான்களை வாங்கி, ஹைட்ரஜனைத் தன் மேல் வெளியேற விடுகிறது. ஒவ்வொரு துகள் ஜோடியும் குட்டி மின்கலமாகி, தனக்குள்ளேயே மின்சுற்றை மூடிக்கொண்டு, அந்த ஆற்றல் முழுவதையும் வெப்பமாகக் கொட்டுகிறது. வெளியேறும் ஹைட்ரஜன் தீப்பற்றக்கூடியது. அதனால் அடைத்த இடத்தில் இந்தப் பைகளை வரிசையாகப் பயன்படுத்தக் கூடாது.

இதே மெக்னீசியம்-இரும்பு ஜோடி குளியலறைச் சுவரிலும் தொங்குகிறது. தொட்டி வைத்த கெய்சரில் வெந்நீருக்குள் ஒரு கம்பி மூழ்கியிருக்கும். மெக்கானிக்குகள் ‘ஆனோட் ராடு’ என்பார்கள். பல கெய்சர்களில் அது மெக்னீசியம். எஃகுத் தொட்டி அரிக்காமலிருக்க, அதற்குப் பதிலாக இது கரைகிறது. பையில் 12 நிமிடத்தில் முடியும் கதை இங்கே ஆண்டுக் கணக்கில் நடக்கிறது. ஆழ்குழாயில் உப்புத் தண்ணீர் வரும் வீடுகளில் நீர் மின்சாரத்தை நன்றாகக் கடத்துவதால் கம்பி சீக்கிரம் தேயும். கம்பி தீர்ந்தால் அடுத்து தொட்டிதான். கெய்சரைச் சுத்தம் செய்ய ஆள் வரும்போது, அந்தக் கம்பியைக் கழற்றிக் காட்டச் சொல்லிப் பார்ப்பது நல்லது.

இந்த உத்தியின் தொடக்கம் ஹம்ஃப்ரி டேவியிடம் இருக்கிறது. 1807இல் பொட்டாசியத்தையும் சோடியத்தையும், 1808இல் மெக்னீசியத்தையும் மின்சாரத்தால் பிரித்தெடுத்தவர் அவர். 1824இல் பிரிட்டிஷ் கடற்படைக் கப்பல்களின் அடியில் போர்த்திய செம்புத் தகடு கடல்நீரில் அரிப்பதைத் தடுக்க, துத்தநாகத்தையோ இரும்பையோ அதோடு இணைக்கச் சொன்னார். செம்பு அரிக்காமல் தப்பியது. ஆனால் செம்பு கரைந்தால்தான் பாசியும் கொட்டலசும் ஒட்டாமல் இருக்கும் என்பது பிறகே தெரிந்தது. கப்பல்கள் அழுக்கேறி வேகம் குறைந்தன.

சூடு ஏறினால் மெக்னீசியத்தை எந்தத் தோலும் காக்காது. நீராவியில் மெக்னீசியம் கண்ணைப் பறிக்கும் வெள்ளைச் சுடரோடு எரிந்து, நீரிலுள்ள ஆக்சிஜனைப் பறித்துக்கொண்டு ஹைட்ரஜனை வெளியே தள்ளும். 1955 ஜூன் 11 அன்று பிரான்சின் லெ மான் பந்தயத்தில் பியர் லெவேக் ஓட்டிய மெர்சிடிஸ் கார் மற்றொரு காரில் மோதிப் பறந்து, பார்வையாளர் பக்கம் விழுந்தது. அதன் உடல் ‘எலெக்ட்ரான்’ எனப்படும் மெக்னீசியக் கலவை. லெவேக்கோடு 80க்கும் மேற்பட்டோர் இறந்தனர். பலரைக் கொன்றது கூட்டத்துக்குள் பாய்ந்த காரின் பாகங்கள். எரியும் சட்டத்தின் மேல் ஊற்றிய தண்ணீர் தீயை இன்னும் வளர்த்தது. அது அணைய மணிக்கணக்கானது. உலோகத் தீக்குத் தண்ணீர் ஊற்றாதே என்ற ஒரு வரியை நம் பள்ளிகள் தேர்வுக்காக அல்லாமல் உயிருக்காகவே சொல்லித்தர வேண்டும்.

தோலே இல்லாத சோடியத்தின் சீற்றத்திலும் சமீப காலம் வரை ஒரு புதிர் இருந்தது. வெளிவரும் ஹைட்ரஜனும் ஆவியும் உலோகத்துக்கும் நீருக்கும் நடுவே மெத்தைபோல் நின்று வினையைத் தணிக்க வேண்டுமே, பிறகு ஏன் வெடிக்கிறது? பிராகாவில் பாவெல் யுங்விர்த்தின் குழுவினர் சோடியம்-பொட்டாசியம் திரவத் துளியை நீரில் விழவிட்டு அதிவேகக் கேமராவில் படம் பிடித்தார்கள். 2015இல் வெளியான அந்த ஆய்வில், ஒரு மில்லி நொடியில் பாதிகூட ஆவதற்குள் துளியிலிருந்து முள் முள்ளாக உலோகம் பீறிட்டது தெரிந்தது. எலக்ட்ரான்கள் நீருக்குள் பாய்ந்துவிட, மிஞ்சிய நேர்மின் அயனிகள் ஒன்றையொன்று தள்ளித் துளியைக் கிழிக்கின்றன. ஒவ்வொரு முள்ளும் நீருக்குப் புதிய பரப்பு.

இப்படிப்பட்ட சோடியம்தான் கல்பாக்கத்தில் அணு உலைகளுக்குள் டன் கணக்கில் திரவமாக ஓடுகிறது. 1985இல் இயங்கத் தொடங்கிய வேக ஈனுலைச் சோதனை உலையும், 500 மெகாவாட் முன்மாதிரி உலையும் அதைக் குளிர்விப்பானாகக் கொண்டவை. சோடியம் 98 டிகிரியில் உருகி 883 டிகிரியில்தான் கொதிக்கும். வெப்பத்தை நன்றாகக் கடத்தும். நியூட்ரான்களின் வேகத்தையும் அதிகம் குறைப்பதில்லை. ஆனால் மின்சாரம் எடுக்க நீராவி வேண்டும். நீராவி உண்டாக்கும் கலனில் எஃகுக் குழாயின் ஒரு பக்கம் சோடியம், மறுபக்கம் உயர் அழுத்தத் தண்ணீர். நடுவே சில மில்லிமீட்டர் சுவர். உலையின் உள்ளே சுற்றிக் கதிரியக்கம் ஏறிய சோடியத்தை இங்கே வரவிடுவதில்லை. அதன் வெப்பத்தை வாங்கி வரும் இரண்டாம் சோடியச் சுற்றுதான் தண்ணீரின் பக்கத்தில் நிற்கிறது. குழாயில் ஊசிமுனை ஓட்டை விழுந்தாலும் அந்தச் சோடியத்தில் ஹைட்ரஜன் கூடும். வகுப்பறையில் நாடாவின் ஓரம் குமிழாக ஒட்டி நின்ற அதே ஹைட்ரஜனை அங்கே உணரிகள் இரவும் பகலும் தேடிக்கொண்டிருக்கின்றன.