இஸ்தான்பூல் கால்வாயும் நம்மவர்களின் 2023 கணக்கும்

துருக்கியைப் பற்றி எதைப் போட்டாலும் நம்மவர்களிடம் லைக் குவியும். எர்துருல் நாடகம் வந்த பிறகு இது இன்னும் கூடிவிட்டது. நானும் பார்த்தவன்தான், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் 2023இல் லோசான் உடன்படிக்கைக்கு நூறு வருடம் முடிகிறது, பிறகு துருக்கி கால்வாய் வெட்டிக் கப்பல்களிடம் கோடிக்கணக்கில் வரி அறவிடும் என்ற வட்ஸ்அப் செய்தி, 2023 போன பிறகும் சுற்றிக்கொண்டிருக்கிறது. வகுப்பில் பிள்ளைகளும் கேட்கிறார்கள்.

லோசான் உடன்படிக்கைக்குக் காலாவதித் திகதி கிடையாது. பொஸ்பரஸில் கப்பல் போக்குவரத்து நடப்பதும் அதன்படி அல்ல, 1936இன் மொன்றோ உடன்படிக்கையின்படி. லோசானில் நீரிணைகள் ஒரு சர்வதேச ஆணைக்குழுவின் கையில் இருந்தன. கரையோரத்தில் துருக்கி தன் படையைக்கூட நிறுத்த முடியாது. அந்த அதிகாரத்தைத் துருக்கிக்குத் திருப்பிக் கொடுத்ததே மொன்றோதான். 2022இல் உக்ரைன் போர் தொடங்கியதும் போர்க்கப்பல்களுக்குத் துருக்கி வழியை மூடியதும் இதை வைத்துத்தான். இதையா அடிமைச் சாசனம் என்று பகிர்கிறோம்?

இனி வரிக் கதை. சமாதான காலத்தில் வர்த்தகக் கப்பல்கள் பொஸ்பரஸால் சுதந்திரமாகப் போகலாம். வெளிச்சவீடு, மீட்புப் பணி, சுகாதாரப் பரிசோதனை போன்றவற்றுக்கு மட்டும் கட்டணம் உண்டு. அதையும் 2022 ஒக்டோபரில் துருக்கி ஐந்து மடங்காக்கி, தொன்னுக்கு 4 டொலராக உயர்த்தியது. கால்வாயும் தேவைப்படவில்லை, புது உடன்படிக்கையும் தேவைப்படவில்லை. பக்கத்தில் இந்த வழி திறந்திருக்கும்போது எந்தக் கப்பல்காரன் கூடுதல் காசு கட்டிக் கால்வாயால் போவான்? கட்டாயப்படுத்தவும் சட்டம் இல்லை. போனாலும் மர்மரா கடலைத் தாண்டித் தார்தனெல்ஸ் நீரிணையைக் கடந்தே ஆக வேண்டும்.

ஆபத்து உண்மை என்பதையும் சொல்ல வேண்டும். நகரத்தின் நடுவால் சுமார் 30 கிலோமீற்றர், ஒடுங்கிய இடத்தில் ஏறத்தாழ 700 மீற்றர் அகலம், கடும் வளைவுகள், குறுக்கே பயணிகள் படகுகள். 1979இல் இண்டிபெண்டென்டா என்ற ருமேனிய எண்ணெய்க் கப்பல் மோதி வெடித்து 43 பேர் இறந்தார்கள், வாரக்கணக்கில் எரிந்தது. ஆனால் அதற்குப் பிறகு ரேடார் கண்காணிப்பு வந்தது. எண்ணெயில் ஒரு பகுதி குழாய் வழியாகப் போகிறது. வருடத்துக்கு 50,000ஐத் தாண்டியிருந்த கப்பல் தொகை இப்போது 40,000 அளவில்தான் நிற்கிறது.

அப்படியென்றால் யாருக்கு இந்த 45 கிலோமீற்றர் கால்வாய்? என் கருத்தில் இது காணி வியாபாரம். இரு கரையிலும் புதிய நகரங்கள் திட்டத்திலேயே இருக்கின்றன. 2011இல் அர்துகான் இதைத் தனது "பைத்தியக்காரத் திட்டம்" என்று அறிவித்த பிறகு, அந்தப் பாதையில் காணி விலை எங்கே போயிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. இழப்பு நகரத்து மக்களுக்கு. குடிநீர் தரும் சஸ்லிதெரே நீர்த்தேக்கம் கால்வாய்ப் பாதையிலேயே கிடக்கிறது. பொஸ்பரஸுக்கும் கால்வாய்க்கும் இடையில் பல மில்லியன் மக்கள் ஒரு தீவில் அகப்படுவார்கள், அதுவும் மர்மரா கடலடியில் பெரிய நிலநடுக்கப் பிளவு இருக்கும் ஊரில். நகர மேயராக 2019இல் வந்த இமாமோக்லு இதை எதிர்த்ததை இஸ்லாத்துக்கு எதிரான சதியாக இங்கே எழுதினார்கள். தண்ணீர் கேட்பதில் என்ன சதி?

2021 ஜூனில் அடிக்கல் வைத்த படத்தையும் கால்வாய் தொடங்கிவிட்டதாகப் பகிர்ந்தார்கள். அன்று கல் வைத்தது சஸ்லிதெரேக்கு மேலால் போகும் ஒரு பாலத்துக்கு.