அரண்மனையைப் படம்பிடித்த வேணு

தக்கலையில் கல்யாண வீடியோ எடுப்பது என் தொழில். பத்மநாபபுரம் அரண்மனை கூப்பிடு தூரம். அங்கே வருகிறவர்கள் ‘மணிச்சித்ரத்தாழ்’ என்ற மலையாளப் படத்தை எடுத்த இடம் எது என்று கேட்பார்கள். மோகன்லால், ஷோபனா, இயக்குநர் ஃபாசில் என்று பேச்சு நீளும். ஒளிப்பதிவாளர் வேணுவின் பெயர் மட்டும் வராது. எனக்கு அது பொறுக்கவில்லை.

அந்த அரண்மனையில் கேமராவைத் தூக்கிப் பார்த்தால்தான் கஷ்டம் புரியும். தாழ்ந்த மச்சு, கறுத்த மரம், வெளிச்சத்தைத் திருப்பியடிக்கும் வழவழப்பான கருந்தரை. வெளியே வெயில் கொளுத்தும்போதும் உள்ளே அந்திபோல் இருக்கும். லைட்டைக் கூட்டினால் பயம் போய்விடும். குறைத்தால் முகம் போய்விடும். 1993-இல் வந்த அந்தப் படத்தில் இரண்டுமே போகவில்லை. ஆனந்தக்குட்டன், சன்னி ஜோசப் ஆகியோரும் அதில் கேமரா பிடித்தார்கள் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

அதற்கு முன்பே, ஒளிப்பதிவுக்கான 1986-ஆம் ஆண்டின் தேசிய விருதை வேணு இரண்டு படங்களுக்காகப் பெற்றார். ஒன்று, பத்மராஜனின் திராட்சைத் தோட்டக் காதல் கதை, வண்ணத்தில். இன்னொன்று, ஜான் ஆபிரகாம் மக்களிடம் காசு திரட்டி எடுத்த கறுப்பு வெள்ளை ‘அம்ம அறியான்’. பிறகு தமிழில் ‘குணா’வின் கொடைக்கானல் குகை. மூன்றையும் ஒரே ஆள் எடுத்தார் என்றால் நம்ப மாட்டீர்கள். தனி முத்திரை இல்லை என்று இதைக் குறையாகச் சொல்வோர் உண்டு. கதைக்கேற்ப மாறுவதே கடினமான வித்தை என்பேன் நான்.

அரண்மனையை நிர்வகிப்பது கேரளத் தொல்லியல் துறை. வாசலில் ஒரு பலகை வைத்து, அந்த ஒளிப்பதிவாளர்கள் மூவர் பெயரையும் எழுதட்டும்.