கோழை வேஷம்

நமது பள்ளிக்கூடத்து ஆண்டு விழா நாடகத்தில் வருஷந்தோறும் ஒரு வேடிக்கையைக் கண்டு வருகிறோம். அர்ஜுனனாக வருவதற்கு இருபது பையன்கள் முண்டியடித்துக்கொண்டு முன்வருவார்கள். போர்க்களத்தைக் கண்டதும் தேரிலிருந்து குதித்து ஓடும் உத்தரகுமாரனாக வர ஒருவனும் இசைய மாட்டான்.

பையன்களைக் குறை கூறுவானேன்? பிரெஞ்சு சினிமா உலகிலும் இதே கதை நடந்திருக்கிறது.

யுத்தம் முடிந்த சில வருஷங்களுக்கெல்லாம் க்ளூஸோ என்னும் டைரக்டர் "அச்சத்தின் கூலி" என்ற படத்தை எடுக்க முனைந்தார். தென் அமெரிக்காவில் ஓர் எண்ணெய்க் கிணறு பற்றி எரிகிறது. அதை அணைக்க, சற்றுக் குலுங்கினாலும் வெடித்துவிடும் நைட்ரோகிளிஸரின் வேண்டும். அதை இரண்டு லாரிகளில் கொண்டுபோக நான்கு பேர் துணிகிறார்கள். ஆளுக்குக் கூலி 2,000 டாலர். அவர்களில் ஒருவன் ஜோ. வெள்ளை உடுப்பும் மிடுக்குமாக ஊருக்குள் வந்து எல்லாரையும் மிரட்டியவன், லாரி கிளம்பியதும் நடுநடுங்கிப் போகிறான்.

இந்த வேஷம் முதலில் பெரும் புகழ் படைத்த ழான் காபனைத் தேடிச் சென்றது. தம்மைக் கோழையாகப் பார்க்க ஜனங்கள் விரும்ப மாட்டார்கள் என்று அவர் மறுத்துவிட்டார். ஏற்றுக்கொண்டவர் ஷார்ல் வனெல்.

வனெல் 1892-ல் ரென் நகரில் பிறந்தவர். ஊமைப் படக் காலத்து நடிகர். "ஏழை படும் பாடு" என்று நாம் அறிந்திருக்கும் ஹ்யூகோவின் கதை 1934-ல் பிரெஞ்சுப் படமானபோது இன்ஸ்பெக்டர் ஜாவேராக நடித்தவர் இவரே. 1950-ல் தமிழ்ப் படத்தில் அதே வேஷம் தாங்கிய சீதாராமனுக்கு "ஜாவர்" என்பது பெயருடனேயே ஒட்டிக்கொண்டதல்லவா? துணை வேஷத்தின் சக்தி அத்தகையது!

ஜோவாக நடிக்கையில் வனெலுக்கு வயது அறுபதை எட்டியிருந்தது. எண்ணெய் தேங்கிய பள்ளத்தில் இறங்கி அவன் லாரிக்கு வழிகாட்டுகிறான். வண்டி நின்றால் புதைந்துவிடும். ஆகவே தோழன் நிறுத்தாமல் அவன் கால் மீதே ஏற்றிச் செல்கிறான். அதுவரை அவனை இகழ்ந்த நமது நெஞ்சம் அக்கணத்தில் உருகிவிடுகிறது. அவனுடைய அச்சம் நம்முடையதே என்று அப்பொழுதுதான் உணர்கிறோம். 1953-ல் கான் விழாவில் படத்துக்கு முதற் பரிசும், வனெலின் நடிப்புக்குச் சிறப்புப் பாராட்டும் கிடைத்தன.

பின்னர் 1955-ல் க்ளூஸோவின் மற்றொரு படத்தில் ஓய்வு பெற்ற துப்பறிவாளராகவும், அதே ஆண்டில் ஹிட்ச்காக்கின் படத்தில் உணவு விடுதிக்காரராகவும் தோன்றினார். 1981-ல் ரோஸி எடுத்த "மூன்று சகோதரர்கள்" என்ற இத்தாலியப் படத்தில், மனைவியை இழந்த கிராமத்துக் கிழவராக நடித்துத் துணை நடிகருக்கான பரிசையும் பெற்றார். அப்பொழுது அவருக்குத் தொண்ணூறு வயது நெருங்கிக்கொண்டிருந்தது. 1989-ல் காலமானார்.

அடுத்த ஆண்டு விழாவில் உத்தரகுமாரன் வேஷத்தை நமது பள்ளியின் மிகச் சிறந்த நடிகனுக்கே கொடுப்பதென்று தீர்மானித்திருக்கிறோம். பையன் முகத்தைச் சுளித்தால் வனெலின் கதையைச் சொல்லலாம். பையனின் தகப்பனார் சண்டைக்கு வந்தால் என்ன செய்வது என்பதுதான் இன்னும் விளங்கவில்லை!